ஒட்டு விழாத நடை

“சர்பத் குடிச்சாச்சாம்மா?”

கண்ணைத் திறக்கும்போது ஹாசினியின் காதில் முதலில் விழுவது எப்போதும் இந்தக் கேள்விதான். கையில் காலிக் குவளை. நாக்கில் நன்னாரி வாசம். குவளையின் அடியில் ஓர் எலுமிச்சை விதை ஒட்டிக்கொண்டிருக்கும்.

“குடிச்சிட்டேன் போலிருக்கே தம்பி.”

“அப்போ வேலை முடிஞ்சது. வீட்டுக்குக் கிளம்பலாம்.”

“எத்தன நாளு போயிருந்தோம்?”

“மூணு நாள்.”

மகிழன் அவள் கழுத்திலிருந்த பட்டையைக் கழற்றித் துடைத்துப் பெட்டிக்குள் வைத்தான். நல்ல பையன். சேலத்துப் பக்கம். வேலையில் சேர்ந்த நாளிலிருந்து எல்லாரையும் ‘அம்மா’ என்றுதான் கூப்பிடுவான், எல்லாரிடமிருந்தும் ஞாபகத்தைப் பிடுங்குவான்.

மலைவாசலின் இரும்புக் கதவு திறந்தது வரைக்கும் ஹாசினிக்கு ஞாபகம் இருந்தது. அதற்கப்புறம் இந்தக் குவளைதான். நடுவில் மூன்று நாள் இருந்த இடம் வழித்து விட்டாற்போல் இருந்தது. வேலைக்கு வந்த புதிதில், பல் பிடுங்கிய குழியை நாக்கு போய்ப் போய்த் துழாவுமே, அதுபோல மனசு அங்கே போய்த் துழாவும். இப்போது அதுவும் விட்டுவிட்டது.

எழுந்து நின்றபோதுதான் வலது கால் வலித்தது. குனிந்து பார்த்தாள். கணுக்காலுக்குக் கீழே ஒரு கட்டு. சாயம் போன நீலத் துணி. முடிச்சைப் பக்கவாட்டில் போட்டு, இரண்டு நுனியையும் உள்ளே செருகி வைத்திருந்தது.

“இது யாரு கட்டுனது?”

“உங்ககூட வேற யாரும்மா வந்தா?” என்றான் மகிழன்.

பக்கத்து நாற்காலியில் ரித்திகா உட்கார்ந்திருந்தாள். அவள் கையிலும் காலிக் குவளை. மடியில் கிடந்த நீல ஷாலின் ஓரம் கிழிந்திருந்தது. அவள் அந்தக் கிழிசலைப் பார்த்தாள், ஹாசினியின் காலைப் பார்த்தாள், பிறகு ஜன்னல் இல்லாத சுவரைப் பார்த்தாள்.

இரண்டு பேரும் ஒரே ரயிலில் ஏறி, ஒரே நிறுத்தத்தில் இறங்கி, ஒரே வீட்டுக்குப் போனார்கள். ஒரு வார்த்தை பேசவில்லை. வீட்டுக்குப் போனதும் ஹாசினி கட்டை அவிழ்த்துக் குப்பையில் போட்டுவிட்டு வேறு கட்டுப் போட்டுக்கொண்டாள்.

ரித்திகா அவளுடைய தம்பி பெண்டாட்டி.

*

தென்காசிக்குக் கூரை போட்டு ஒரு தலைமுறை ஆகிவிட்டது. வெயில் மனிதரைக் கொல்ல ஆரம்பித்த பிறகு ஊர் மொத்தத்துக்கும் மேலே தகடு வேய்ந்துவிட்டார்கள். கூரைக்குள்ளேயே தெரு, கூரைக்குள்ளேயே சந்தை, கூரைக்குள்ளேயே கோயில் தேரோட்டம். குளிர்ச்சிக்குக் குறைவில்லை. வெளியே போகக் கூடாது என்று யாரும் சொல்லவில்லை. போக வேண்டிய வேலை யாருக்கும் இல்லை.

வீட்டுக்குள்ளே ஹாசினிக்கு ஓர் அடுப்பு, ரித்திகாவுக்கு ஓர் அடுப்பு. நடுவில் பேசுவதற்குச் சுவர் இருந்தது. எல்லா வீட்டுச் சுவரும் பேசும்தான். விளக்குப் போடும், மருந்துக்கு நேரம் சொல்லும். இந்த வீட்டுச் சுவருக்கு மட்டும் தூது போகும் வேலை.

“ஏ சுவரே, அவள அடுப்படிய விட்டுத் தள்ளி நிக்கச் சொல்லு.”

“ரித்திகா, உங்கள் மதினி சற்று ஒதுங்கி நிற்கும்படி அன்போடு கேட்டுக்கொள்கிறார்.”

“அன்போடயா கேட்டாவ?” என்பாள் ரித்திகா.

“இல்லை. அன்பை நான் சேர்த்தேன்.”

“அத எடுத்துட்டுச் சொல்லு. அப்பதான் அவ்வொ பேசுன மாதிரி இருக்கும்.”

காரணம் ஒன்றுதான். ஹாசினியின் தம்பி கவின் கூரைத் தகடு மாற்றும் வேலையில் இருந்தான். ஒரு சித்திரை மாதத்து மத்தியானம் மேலே தகட்டிலேயே மயங்கி விழுந்துவிட்டான். ஹாசினி அப்போது கண் ஆபரேஷனுக்காக மதுரையில் இருந்தாள். ஓடி வந்து சேர்ந்தபோது பெட்டியை மூடியிருந்தார்கள். பெட்டிக்கு முன்னால் ரித்திகா நின்றாள்.

“ஒரு தடவ பாத்துக்கிடுதேன், தொற.”

“வேண்டாம் மதினி.”

“ஏட்டி, நான் வளத்த பிள்ளட்டி. எங்கம்மா இவன எங்கையிலதான குடுத்துட்டுப் போனா?”

“தொறக்க மாட்டேன்.”

காரணம் சொல்லவில்லை. சொந்தக்காரர்கள் எவ்வளவோ பேசிப் பார்த்தார்கள். ரித்திகா பெட்டியின் மேல் கையை வைத்தவள் எடுக்கவே இல்லை. அப்படியே கொண்டுபோய் எரித்துவிட்டார்கள். அன்றைக்கு ஹாசினிக்கு அழுகை வரவில்லை. முகத்தைப் பார்த்துவிட்டு அழலாம் என்று வைத்திருந்த அழுகை அது. அப்புறமும் வரவில்லை. அதிலிருந்து எதற்குமே வரவில்லை, சிரிப்பும் அப்படித்தான். சோறு சோறாக இருந்தது, பொழுது பொழுதாக இருந்தது. அவ்வளவுதான்.

உடன்நடை நிலையத்தில் ஆள் எடுக்கிறார்கள் என்று தெரிந்து இரண்டு பேரும் தனித்தனியாகத்தான் போய் நின்றார்கள். நிலையத்துக்காரர்கள் விலாசத்தைப் பார்த்து ஒன்றாகச் சேர்த்துவிட்டார்கள். மலைக்குள் போக அந்த நிலையத்துக்கு மட்டும்தான் அனுமதி உண்டு. இரண்டு இரண்டு பேராக மலைக்குள் அனுப்புவார்கள். மூன்று நாள் நடக்க வேண்டும், சேர்ந்து சமைக்க வேண்டும், திரும்பி வர வேண்டும். திரும்பியதும் அந்த மூன்று நாளை எடுத்துக்கொள்வார்கள். ஹாசினிக்கு அதில் ஆட்சேபம் எதுவும் இருக்கவில்லை. இருக்கிற நாளையே வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று தெரியாதவளுக்கு, மூன்று நாள் போனால் என்ன?

கால் காயம் ஆறிவந்த ஒரு காலையில் சுவர் தொண்டையைச் செருமியது.

“ஹாசினி, ஆடி கழிந்ததும் கோவில்பட்டியில் தன் தங்கை வீட்டுக்கே போய்விடப் போவதாக ரித்திகா தெரிவிக்கிறார். வரும் நடைதான் கடைசி நடை.”

ஹாசினி தோசையைத் திருப்பிப் போட்டாள்.

“இதுல அன்பு சேத்தியா?”

“சேர்க்க இடம் இருக்கவில்லை.”

அந்தத் தோசை கருகிப் போயிற்று. கருகின பிறகுதான் அவளுக்கு உறைத்தது. கவினின் கடைசி நாளைப் பார்த்த ஒரே ஆள் ரித்திகாதான். அவள் போய்விட்டால் அந்த நாளும் அவளோடு பெட்டி கட்டிக்கொண்டு போய்விடும். இனி எந்தக் காலத்திலும் கேட்டு வாங்க முடியாது.

*

கடைசி நடைக்குப் போன அன்று ரித்திகாவை உடல் பரிசோதனைக்கு உள்ளே கூப்பிட்டிருந்தார்கள். ஹாசினி வெளிக்கூடத்தில் தன் முறைக்காக உட்கார்ந்திருந்தாள். கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் மகிழன் வாடிக்கைக்காரர்களான ஒரு மாமியாரையும் மருமகளையும் சமாதானப்படுத்திக்கொண்டிருந்தான். தடுப்பு கண்ணாடிதானே தவிர காதுக்கு ஒரு தடையும் இல்லை.

“எனக்குக் கூடப் பொறந்தவங்களே கெடையாது சார்,” என்றாள் மருமகள். முப்பத்தைந்து வயது இருக்கும். “ஆனா தம்பி ஒருத்தன் செத்துப்போன மாதிரி இருக்கு. அவன் மூஞ்சிய நான் பாக்கல. காலையில எந்திரிச்சா மொத நெனப்பு அதான். யாரு சார் அவன்?”

ஹாசினியின் கை மடியில் அசையாமல் கிடந்தது.

“கதை கொஞ்சம் தங்கிடுச்சு மேடம். மலையில நடந்தவங்ககிட்ட எடுத்ததுல கதையெல்லாம் வடிகட்டிட்டு ஒட்டை மட்டும்தான் உங்களுக்கு வைப்போம். நாத்து பிடுங்கும்போது வேர்ல மண்ணு வரும் இல்லையா, அந்த மாதிரி.”

“நகல் எடுத்து வச்சிருந்தா இந்த வம்பே இல்லையே?”

“நகல் பிடிக்கறதில்லை மேடம். பிடுங்கி நட்டாத்தான் வேர் விடுது.”

“அது என்ன ஒட்டோ! இங்கனயே ஏசியில ரெண்டு பேர உக்கார வச்சு எடுக்கக் கூடாதா? எதுக்கு மலைக்கு அனுப்பணும்?” இது மாமியார்.

“எல்லாம் செஞ்சு பாத்துட்டாங்கம்மா. கூரைக்குள்ளயே மழை பெய்ய வச்சாங்க, குயில் கூவ வச்சாங்க. ஒட்டலை. கூரைக்குள்ள ஒருத்தருக்கு ஒருத்தர் தேவையே இல்லையே? வெளிய அப்படி இல்ல. பாறை வழுக்குது, கையைப் பிடிச்சாத்தான் ஆச்சு. இருக்கறது ஒரு குடை, ரெண்டு பேரும் ஒண்டித்தான் ஆகணும். அப்படி ஒண்டுறப்போ உள்ள ஏதோ விழுது. அதைத்தான் ஒட்டுங்கறோம்.”

“அப்ப எங்களையே மலைக்கு விடுங்களேன்,” என்றாள் மருமகள்.

“பொதுமக்களுக்கு அனுமதி இல்ல மேடம்.”

“சரி, இத எடுத்துருங்க. எனக்குத் தாங்கல.”

“எடுத்தா ஒட்டும் சேந்து வந்துரும். நீங்களும் அம்மாவும் பழையபடி ஆயிருவீங்க. பரவாயில்லையா?”

மாமியார் அவசரமாக மருமகளின் கையைப் பிடித்தாள். “வேண்டாம்ளா நற்பவி. இப்பத்தான் ஒரு தட்டுல இட்லி திங்கோம். அந்தப் பய யாரா இருந்தா என்ன? எங்கயோ செத்தவன். இருந்துட்டுப் போட்டும்.”

எங்கயோ செத்தவன். ஹாசினி அந்த வார்த்தையைக் கேட்டாள். கோபம் வர வேண்டிய இடம் அது. வரவில்லை.

நற்பவி தண்ணீர் குடிக்கக் குழாயடிக்கு வந்தபோது ஹாசினியும் எழுந்து போனாள்.

“ஒன்னு கேக்கணும் தாயீ. அந்தத் தம்பி மூஞ்சிய யாரு காட்டல?”

நற்பவி அவளை ஏற இறங்கப் பார்த்தாள். கழுத்தில் பட்டை போட்ட தழும்பைப் பார்த்ததும் அவளுக்குப் புரிந்துவிட்டது.

“நீங்கதானா அது?”

“நானாத்தான் இருக்கும். எனக்கு ஒன்னும் தெரியாது. எடுத்துட்டாவள்லா? நீதான் சொல்லணும்.”

“அய்யய்யோ! உங்க சாமான எங்கிட்ட வச்சுக்கிட்டு…” நற்பவி குழாயை மூட மறந்து நின்றாள். “மழை. பெரிய பாறைக்கு அடியில ஒண்டி நிக்கோம். நான் கேக்கேன், ஏன் காட்டலன்னு. கத்துதேன். அவ மொதல்ல சொல்ல மாட்டேங்கா. பொறவு சொல்லுதா. தகட்டுச் சூட்டுல மூஞ்சி பூரா வெந்து போச்சாம். ஒரு நாள் உசுரோட இருந்தாராம். அப்ப சொன்னாராம்: எங்கக்கா தேங்கா எண்ண தடவித் தடவி வளத்த மூஞ்சி இது, இதப் பாத்தா அவ பொறவு சோறு திங்க மாட்டா, காட்டாத. ஏன் காட்டலங்கறதையும் சொல்லாத. சத்தியம் பண்ணுன்னு.”

“பண்ணிட்டாளா?”

“அவரு உள்ளங்கையில கை வச்சுப் பண்ணிட்டாளாம். அந்தச் சத்தியத்த எங்கிட்ட ஒடச்சுட்டேன்னு மாருல அடிச்சுக்கிட்டு அழுதா.”

“பொறவு நான் என்ன செஞ்சேன்?”

“அவ ஷால இழுத்து மூஞ்சியத் தொடச்சுக்கிட்டிய. உள்ள இருந்த பாரம் எல்லாம் எறங்கிப் போச்சு. அப்படி ஒரு லேசு! அது எனக்கு இப்பவும் தெரியுது.” நற்பவி தன் நெஞ்சைத் தொட்டுக் காட்டினாள். “உங்களுக்கு இப்ப எப்படி இருக்கு?”

ஹாசினி தேடிப் பார்த்தாள். ஆறு வருஷமாகக் கேட்டுக்கொண்டிருந்த கேள்விக்குப் பதில் கிடைத்துவிட்டது. நாளைக்கு ரயில் இந்த நேரத்துக்கு வரும் என்று யாரோ சொன்னதுபோல இருந்தது அது.

“ஒன்னும் இல்லியேம்மா,” என்றாள். “தண்ணி போகுது பாரு, கொழாய மூடு.”

*

பட்டை மாட்டும்போது ஹாசினி மகிழனிடம் கேட்டாள்.

“ஏன் தம்பி, ஒவ்வொரு தடவையும் எங்க ரெண்டு பேரையுமே சேத்து அனுப்புதியளே, எதுக்கு?”

“உங்க ஜோடி எங்களுக்குத் தங்கம்மா.” அவன் கவனமெல்லாம் கொக்கியில் இருந்தது. “சும்மா சிநேகிதமா இருக்கறவங்களை அனுப்பினா ஒட்டு மெலிசா விழும். பகை தீரும்போதுதான் அழுத்தமா விழும். மத்த ஜோடிக்கு வீட்டுக்குப் போனதும் எப்படியோ கொஞ்சம் கொஞ்சமா ராசியாயிரும். உங்களுக்கு ஆகறதே இல்ல. ஒவ்வொரு தடவையும் முதல்லேருந்து தீருது.”

அவன் அதைப் பாராட்டாகத்தான் சொன்னான். அவள் கழுத்தை நிமிர்த்திக் காட்டினாள். கொக்கி ‘டிக்’ என்று மாட்டிக்கொண்டது.

அவளுக்குக் கணக்கு இப்போது புரிந்தது. இத்தனை முறையும் அவர்கள் மலையேறிச் சண்டையைத் தீர்த்திருக்கிறார்கள். தீர்ந்த கையோடு தீர்வை இறக்கி வைத்துவிட்டு, சண்டையை மட்டும் தூக்கிக்கொண்டு வீட்டுக்குப் போயிருக்கிறார்கள். ஊரில் யார் யாரோ மாமியாரும் மருமகளும் ஒரே தட்டில் இட்லி சாப்பிடுகிறார்கள். ரித்திகா ஒவ்வொரு முறையும் முதல் முறையாகச் சத்தியத்தை உடைத்து, மாரில் அடித்துக்கொண்டு அழுதிருக்கிறாள். பாறைக்கு அடியில், மழையில்.

இந்த முறையும் அப்படித்தான் ஆகும். கேட்டால் சொல்வாள். சொன்னால் பட்டை பிடித்துக்கொள்ளும். பிறகு ஆடி கழிந்ததும் பகையாளியாகவே கோவில்பட்டிக்குப் போவாள்.

கேட்கவே கூடாது என்று நினைத்துக்கொண்டாள் ஹாசினி. நினைத்துக்கொண்டதற்கும் அவளுக்கு உள்ளே ஒன்றும் தோன்றவில்லை.

இரும்புக் கதவு திறந்தது. இதுவரைக்கும்தான் அவளுக்கு எப்போதும் ஞாபகம் இருக்கும்.

முகத்தில் காற்று அடித்தது. ஈரக் காற்று. கணவாயிலிருந்து சாரல் இறங்கிக்கொண்டிருந்தது.

“அட்டைக்கு உப்பு எடுத்தியாட்டி?”

சுவர் இல்லாமல் அவள் ரித்திகாவிடம் நேரே கேட்டது அது. ரித்திகா ஒரு நொடி திகைத்துவிட்டு இடுப்பிலிருந்த பொட்டலத்தைத் தட்டிக் காட்டினாள்.

“எனக்கு மட்டுந்தான் எடுத்தேன்.”

“அதான பாத்தேன்.”

நடந்தார்கள். ரித்திகா முன்னால், ஹாசினி பின்னால். வழி ஹாசினிக்குப் புதுசாகத்தான் இருந்தது. ஆனால் ஒரு வழுக்குப் பாறை வந்தபோது அவள் யோசிக்கும் முன்பே அவள் கை முன்னால் நீண்டது. ரித்திகா திரும்பிப் பார்க்கவில்லை. ஆனால் அவள் கை அதற்கு முன்பே பின்னால் வந்து காத்திருந்தது. இரண்டு கையும் பற்றிக்கொண்ட பிறகுதான் இரண்டு பேரும் அவற்றைப் பார்த்தார்கள். ஏறி முடித்ததும் விட்டுவிட்டார்கள்.

எலுமிச்சைச் சோற்றை ஒரே பாத்திரத்தில்தான் கட்டிக் கொடுத்திருந்தார்கள். ரித்திகா அதில் கடலைப்பருப்பை ஒதுக்கி ஒதுக்கி ஓரமாக வைத்தாள்.

“பல்லு கொட்டிப்போச்சா?”

“உங்களுக்குப் புடிக்குமேன்னு வச்சேன்.”

“எனக்குப் புடிக்கும்னு யாரு சொன்னா?”

ரித்திகா யோசித்துப் பார்த்தாள். “தெரியல. வேண்டாம்னா குடுங்க, கொரங்குக்குப் போடுதேன்.”

ஹாசினி பருப்பைத் தின்றாள். நன்றாகத்தான் இருந்தது.

நற்பவி சொன்ன பாறையும் வந்தது. பெரிய பாறை, யானை முட்டி போட்டு உட்கார்ந்தாற்போல. மழை வலுத்ததால் அதன் அடியில் ஒண்டினார்கள். தோளும் தோளும் இடித்துக்கொள்ளும் அளவுக்குத்தான் இடம் இருந்தது. ரித்திகா இரண்டு மூன்று முறை அவள் முகத்தைப் பார்த்தாள்.

“என்னட்டி?”

“இல்ல, நீங்க ஏதோ கேக்கப் போறியன்னு தோணுச்சு.”

“என்னத்தக் கேக்க?”

“தெரியல. தோணுச்சு.”

கேள்வி ஹாசினியின் தொண்டைவரைக்கும் வந்துதான் இருந்தது. பதில் தெரிந்த கேள்விதான். ஆனாலும் வந்தது, பழகிய வழி போலிருக்கிறது. அவள் கேட்கவில்லை. பாறையின் விளிம்பிலிருந்து தண்ணீர் கோடு கோடாக இறங்குவதைப் பார்த்தாள். மழை நிற்கிற வரைக்கும் இரண்டு பேரும் அதையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

மறுநாள் ஓர் அட்டையை ரித்திகா அவள் காலிலிருந்து உப்புத் தடவி எடுத்தாள். “உனக்கு மட்டுந்தான எடுத்த?” என்று ஹாசினி கேட்டதற்கு, “மிச்சம் ஆயிட்டு,” என்றாள்.

மூன்றாம் நாள் இறங்கும்போது ஓடையில் ஹாசினியின் செருப்பு ஒன்று போயிற்று. அது தண்ணீரில் குதித்துக் குதித்துப் போவதையும், அதைப் பிடிக்க அவள் ஒற்றைக் காலில் நொண்டியடித்ததையும் பார்த்து ரித்திகாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சின்னச் சிரிப்பு இல்லை. பாறையைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

“எதுக்குட்டி இளிக்க?”

“‘ஏ நில்லு, ஏ நில்லு’ன்னு செருப்பப் போயி கூப்பிடுதியளே மதினி!”

ஹாசினிக்குச் சிரிப்பு வரவில்லை. ஆனால் வராமல் போனது இந்த முறை அவளுக்குத் தெரிந்தது. மரத்துப்போன காலை யாரோ மிதித்தால், வலிக்காது, மிதித்தது மட்டும் தெரியுமே, அதுமாதிரி.

*

நாற்காலியில் உட்கார வைத்து மகிழன் இரண்டு பேர் கையிலும் குவளையைக் கொடுத்துவிட்டுப் போனான். ஹாசினி குடிக்கவில்லை. சர்பத்துக்கும் பிடுங்குவதற்கும் சம்பந்தமில்லை என்று அவளுக்குத் தெரியும், களைப்புக்குத்தான் கொடுக்கிறார்கள். இருந்தாலும் குடிக்கவில்லை. பக்கத்தில் ரித்திகாவும் குவளையைப் பிடித்துக்கொண்டு சும்மா இருந்தாள்.

ஹாசினி கண்ணை மூடிக்கொண்டாள். பருப்பு. பாறை. செருப்பு. இன்னும் இருக்கிறது. இன்னும் இருக்கிறது.

மகிழன் நெற்றியைச் சுளித்துக்கொண்டு திரும்பி வந்தான்.

“என்னம்மா ஆச்சு? ஒன்னுமே விழலையே!”

“என்னது விழல?”

“ஒட்டு. மூணு நாளும் பட்டையில கோடு படுத்தே கெடக்குது. மழை, சோறு, அட்டை, செருப்பு… இதை நட்டா எங்க பிடிக்கும்? அழுகை இல்ல, சண்டை இல்ல. உங்களுக்குள்ள பேச்சுவார்த்தையே இல்லையா?”

“செருப்பு போச்சுன்னு பேசுனமே,” என்றாள் ரித்திகா.

அவன் பட்டையை இரண்டு முறை தட்டிப் பார்த்தான். உள்ளே போய் யாரிடமோ கேட்டுவிட்டு வந்தான்.

“எடுக்கறதுக்கு இதுல ஒன்னும் இல்லைன்னுட்டாங்க. நீங்களே வச்சுக்கங்க. இனி ஹாசினியம்மா வந்தா வேற ஜோடி போடச் சொல்றாங்க.” பிறகு மெதுவாக, “எனக்கு வருத்தமா இருக்கும்மா. நல்ல ஜோடி,” என்றான்.

பட்டைகளை அவனே கழற்றினான். இரண்டு பேரும் எழுந்தபோது நாற்காலிகளின் கைப்பிடியில் இரண்டு குவளையும் நிறைந்தபடி இருந்தன.

ரயிலடிக்குப் போகும் திருப்பத்தில் ரித்திகா நின்றாள்.

“மதினி, வெளிய நடந்தே போவமா? இன்னும் சாரல் விழும்.”

“சம்பளமில்லாமலா?”

“சம்பளமில்லாமத்தான்.”

கூரையின் ஓரக்கதவில் ஒரு காவலாளி உட்கார்ந்திருந்தான். கழுத்தில் பட்டை இல்லாத இரண்டு பெண்களைக் கண்டதும் எழுந்துகொண்டான்.

“எங்கம்மா?”

“வெளிய.”

“வெளிய என்ன இருக்கு?”

“ஒன்னும் இல்ல,” என்றாள் ஹாசினி. “போகக் கூடாதா?”

அவன் யோசித்தான். “கூடாதுன்னு இல்ல. யாரும் போறதில்ல.”

கதவுக்கு வெளியே பழைய குற்றாலம் ரோடு புல் முளைத்துக் கிடந்தது. வெயில் தாழ்ந்திருந்தது. மலைப்பக்கமிருந்து சாரல் சல்லடையில் சலித்தாற்போல வந்தது. ஒரு காலில் செருப்பும் ஒரு காலில் இல்லாமலும் ஹாசினி விந்தி விந்தி நடந்தாள். ரித்திகா அவள் நடைக்குத் தக்கபடி தன் நடையைக் குறைத்துக்கொண்டாள்.

கொஞ்ச தூரம் போன பிறகு ரித்திகா பேசினாள்.

“மூணு நாளும் நீங்க கேக்கலியே மதினி.”

“என்னத்த?”

“அவ்வொ மூஞ்சிய ஏன் காட்டலன்னு. கேப்பிய கேப்பியன்னு பயந்துக்கிட்டே வந்தேன்.”

ஹாசினி நடந்துகொண்டே சொன்னாள். “எனக்குத் தெரியும்டி.”

ரித்திகா நின்றுவிட்டாள். “யாரு சொன்னா?”

“நீதான்.”

“நானா? நான் யார்ட்டயும் வாய் தொறந்ததில்ல. அவ்வொ கையில கை வச்சு…”

“உள்ளங்கையில வச்ச. தெரியும். தேங்கா எண்ணயும் தெரியும். எங்கிட்டதான் சொல்லியிருக்க. போன தடவ சொன்ன. அதுக்கு முந்துன தடவையும் சொல்லியிருப்ப. போன நடைக்கெல்லாம் சொல்லியிருப்ப.”

ரித்திகா மலையைப் பார்த்தாள். எல்லா மூன்று நாளும் அங்கே எங்கோ கிடப்பதுபோல வெகுநேரம் பார்த்தாள். அவள் வாய் என்னவோ எண்ணியது; எண்ணி முடியவில்லை.

“அத்தன தடவையா சத்தியத்த ஒடச்சேன்?”

“இந்தத் தடவ ஒடைக்கல. நான்தான் கேக்கலியே.”

சாரல் கொஞ்சம் கனத்தது. ரித்திகா கேட்டாள்:

“நான் சொன்னதுக்கு நீங்க என்ன சொன்னிய? ஏசுனியளா?”

“தெரியலியே,” என்றாள் ஹாசினி. கண்ணுக்குள் தண்ணீர் இறங்கியது. கை தானாக நீண்டு ரித்திகாவின் ஷாலை இழுத்தது. கிழிந்த ஓரத்தால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். துடைத்துக்கொண்டிருக்கும்போதே, இந்தக் கை இதை முன்னாலும் செய்திருக்கிறது என்று தோன்றியது.

ரித்திகா ஷாலைத் திருப்பி இழுத்துக்கொள்ளவில்லை. அதன் மறுநுனியைப் பிடித்துக்கொண்டு நடந்தாள்.

“ஆடி கழிஞ்சுதான போற?”

“ஆமா.”

“எந்த ஆடி?”

“வாய மூடிக்கிட்டு வாங்க மதினி. கல்லு இருக்கு, பாத்து. அந்த ஒத்தச் செருப்ப எதுக்கு இன்னும் மாட்டிக்கிட்டு நொண்டுதிய? கழத்தி எறிங்க.”

“இருக்கட்டும்டி,” என்றாள் ஹாசினி. “நாளைக்குக் காலையில வீட்டு வாசல்ல இது ஒத்தையா கெடக்கும்லா, ஏன்னு நமக்கு ஞாபகம் இருக்கான்னு பாப்போம்.”